முப்பத்தெட்டு நீலச்சட்டைகள்

என் அடையாள அட்டையின்படி நான் தோட்டக்காரி. பெயர் கலைமதி, ரத்த வகை ஓ பாசிட்டிவ், பணிப் பிரிவு தோட்டப் பராமரிப்பு. இரண்டரை வருடம் அந்த அட்டையைக் கழுத்தில் மாட்டிக்கொண்டு நான் பார்த்த வேலை, டிவி நேரலை இயக்குவது.

ஒரகடத்தில் கார் சீட்டு செய்யும் கம்பெனி. சொந்தமாக ஒரு டிவி வைத்திருக்கிறார்கள். 'ஒரே குடும்பம் லைவ்' என்று பெயர். கேன்டீன், பஸ் நிற்கும் இடம், கழிப்பறைக்குப் போகும் வழி என்று அறுபத்திரண்டு திரைகள். கடல் தாண்டி இருக்கும் தலைமை அலுவலகத்தில் சேர்மன் அறையில் ஒன்று. என்னை வேலைக்கு எடுத்தது கம்பெனி இல்லை, ஏஜென்சி. ஏஜென்சியின் ஒப்பந்தத்தில் நான்கு பிரிவுகள்தான்: ஹவுஸ்கீப்பிங், பேன்ட்ரி, லோடிங், தோட்டம். "டிவி டைரக்டர்னு கட்டம் இல்லியேம்மா. இதுல எது புடிக்குது பாரு" என்று ஏஜென்சிக்காரர் துணிக்கடையில் புடவை விரிப்பதுபோல் படிவத்தை விரித்தார். தோட்டம் என்றேன். காற்றோட்டமாக இருக்கட்டுமே என்று.

தண்டலத்தில் விஸ்காம் படித்தவள் நான். எங்கள் வீட்டில் கல்லூரிக்குள் கால் வைத்த முதல் ஆள். முதல் பட்டதாரி என்று தாசில்தார் கையெழுத்திட்ட சான்றிதழ் வைத்திருக்கிறேன். நான் யார் என்று சரியாகச் சொல்லும் காகிதம் அது ஒன்றுதான்.

ஒருமுறை தணிக்கைக்கு ஆள் வந்தார். பட்டியலில் பதினோரு தோட்டப் பணியாளர்கள், கண்ணில் பட்டது பத்துப் பேர். பதினோராவது ஆள் கன்ட்ரோல் ரூமில் பாதுகாப்பு வார விழாவை ஓட்டிக்கொண்டிருந்தாள். ஹெட்செட்டைக் கழற்ற நேரமில்லை. அதோடே ஓடிப்போய் அலுவலக வாசலில் ரப்பர் குழாயைப் பிடித்துக்கொண்டு நின்றேன். "அரளிக்கு என்ன உரம் போடறீங்க?" என்றார் தணிக்கைக்காரர். அதே நேரம் காதுக்குள் கேமராக்காரன் கார்முகில், "கலை, சேஃப்டி ஆபீசர் அழுவுறாரு, குளோஸ் போடட்டா?" என்றான். "போடு, போடு, முழுசா போடு" என்றேன். அரளிக்கு உரம் முழுசாகப் போடுகிறோம் என்று தணிக்கைக்காரர் குறித்துக்கொண்டார். அந்த வருடம் தோட்டத்துக்கு முதல் பரிசு.

நேரலை இயக்குவது என்றால் இவ்வளவுதான்: நான்கு கேமராவின் படமும் என் முன்னால் நான்கு பெட்டிகளில் தெரியும். எந்தப் பெட்டி உலகத்துக்குப் போக வேண்டும் என்று அந்த நொடியில் முடிவு செய்து பொத்தானை அமுக்க வேண்டும். அமுக்கிவிட்டால் அமுக்கியதுதான். திருப்பி எடுக்க முடியாது. அந்த ஒரு காரணத்துக்காகவே எனக்கு இந்த வேலை பிடிக்கும்.

கம்பெனிக்கு இதே காரணத்துக்காக இந்த வேலை பிடிக்காது. அதனால் ஆறு பக்கத்துக்கு ஒரு ஃப்ரேம் விதிமுறை எழுதி வைத்திருந்தார்கள். முதல் விதி: திரையில் நீலச்சட்டை மட்டும் தெரிய வேண்டும். நிரந்தரத் தொழிலாளிக்கு நீலச்சட்டை, ஏஜென்சி ஆளுக்குச் சாம்பல் சட்டை. கம்பெனியில் மொத்தம் ஆயிரத்து நூறு பேர். அதில் நீலச்சட்டை முப்பத்தெட்டு.

முப்பத்தெட்டு பேரை ஆயிரத்து நூறு பேராகக் காட்டுவதுதான் இரண்டரை வருடம் என் கலை. ஷெட் ஒன்றுதான், நல்ல பெரிய ஷெட். நடுவில் உயரமான ரேக்குகள் நிறுத்தி ஐந்து லைனாகப் பிரித்திருப்பார்கள். முதல் லைனில் முப்பத்தெட்டு பேரும் கைதட்டுவார்கள். நான் ஒரு ரோபோ கைக்கு குளோஸ்-அப் போவேன். ரோபோ நாற்பது நொடி ஆடும். அதற்குள் அவர்கள் ரேக்குக்குப் பின்னால் குனிந்தபடி ஓடி இரண்டாவது லைனில் வரிசையாக நின்று, மூச்சு வாங்காத மாதிரி முகத்தை வைத்துக்கொள்ள வேண்டும். மூன்றாவது லைனில் தொப்பி. நான்காவதில் கண்ணாடி. ஐந்தாவதில் முதுகைக் காட்டி நிற்பார்கள். ரோபோ எத்தனை நொடி ஆட வேண்டும் என்பதை அவர்களில் மூத்தவரான ஜீவானந்தம் அண்ணாவின் முழங்காலை வைத்துத்தான் முடிவு செய்தோம். போன வருடம் முப்பது நொடி. இந்த வருடம் நாற்பது.

"நான் இங்க சீட்டு செய்ய வந்தனா, ஓட்டப்பந்தயத்துக்கு வந்தனா, சொல்லும்மா" என்பார் ஜீவானந்தம் அண்ணா. "இருபத்திரண்டு வருச சர்வீசுல இப்பதான் என்னை இவ்ளோ வேல வாங்குறானுங்க."

செப்டம்பரில் சென்னையிலிருந்து ஒரு செய்திச் சேனல் கூப்பிட்டது. நேரலை உதவி இயக்குநர் வேலை. நான் வெட்டி ஒட்டி அனுப்பிய ஷோ ரீலைப் பார்த்தார்களாம், பிடித்திருந்ததாம். ஆயுத பூஜை முடிந்து வரும் திங்கட்கிழமை நேர்முகம். இரண்டு வருடம் நேரலை இயக்கிய அனுபவச் சான்றிதழ் கட்டாயம்.

போய் நின்றேன். ஊழியர் மகிழ்ச்சித் துறையின் தலைவர் சங்கரநாராயணன். அப்படி ஒரு துறை இருக்கிறது. அவர் அறைக் கதவில் சிரிக்கும் மஞ்சள் முகம் ஒட்டியிருக்கும், கதவு எப்போதும் பூட்டியிருக்கும்.

"நீ டைரக்டர்னு எனக்குத் தெரியும்மா. இந்தப் பிளான்ட்டுக்கே தெரியும். ஆனா தெரியறது வேற, லெட்டர்ல இருக்கறது வேற. நான் உனக்கு டைரக்டர்னு லெட்டர் குடுத்தா, ஒரு தோட்டக்காரியக் கூட்டிட்டு வந்து டிவி வேல வாங்கினோம்னு ஆகும். அது சட்டப்படி தப்பு. நாங்க தப்பு பண்ண மாட்டோம்."

"வாங்கினீங்களே சார்."

"வாங்கினோம். லெட்டர் குடுக்கலியே?"

கொஞ்ச நேரம் மேசையில் இருந்த கண்ணாடிக் கோப்பையைத் துடைத்தார். ஆசியாவின் மகிழ்ச்சியான பணியிடம் என்று அதில் எழுதியிருந்தது. "சரி. ஆயுத பூஜை லைவ சேர்மனே உக்காந்து பாக்கப் போறார். ஒரு சாம்பல் சட்டை ஃப்ரேம்ல வராம முடிச்சுக் குடு. உனக்கு என்ன வேணும்னாலும் எழுதித் தரேன். நானும் பொண்ணப் பெத்தவன்தான்."

நம்பினேன். வேறென்ன செய்வது?

ஆயுத பூஜைக்கு ஒரு வாரம் ஒத்திகை. முதல் நாளே பாதுகாப்பு அதிகாரி ரத்தினம் பூசணிக்காயை நிறுத்தி வைத்தார். உடைப்பது இடிப்பு வேலையில் வருகிறது, அதற்கு இடிப்பு அனுமதி வேண்டும் என்றார். உடைக்கிறவருக்குத் தலைக்கவசம், முகக் கண்ணாடி. சுற்றி ஐந்து மீட்டருக்கு மஞ்சள் கயிறு. பூசணிக்குள் குங்குமத்தோடு போடும் காசு, உற்பத்திப் பகுதியில் வெளிப்பொருள். எனவே காசு நூலில் கட்டப்பட்டிருக்க வேண்டும். சிதறினால் வழுக்கும் என்பதால் பூசணியைப் பிளாஸ்டிக் பைக்குள் வைத்து உடைப்பது என்று முடிவானது. கற்பூரம் நெருப்பு. நெருப்புக்குத் தனி அனுமதி. கற்பூரம் அணைந்த பிறகும் முப்பது நிமிடம் ஒருவர் தீயணைப்பானோடு வெறும் தட்டைப் பார்த்துக்கொண்டு நிற்க வேண்டும். அந்த வேலைக்கு மூன்று பேர் போட்டி போட்டார்கள். உட்கார நாற்காலி தருவதாகச் சொல்லியிருந்தார்கள்.

சங்கரநாராயணன் கொடுத்த நிகழ்ச்சி நிரலில் 11.38 மணிக்கு நேராக, 'தன்னிச்சையான கைதட்டல், 15 நொடி' என்று போட்டிருந்தது. அதை நான்கு முறை ஒத்திகை பார்த்தோம். இரண்டாவது முறை தன்னிச்சை குறைவாக இருப்பதாகத் திட்டினார்.

பூஜைக்குக் காலை நான்கு மணிக்கே சாம்பல் சட்டைகள் வந்துவிட்டார்கள். மூன்று ஷிப்டும். இந்தப் பக்கத்துத் தொழிற்சாலைகளில் ஒரு வழக்கம் உண்டு. எந்த மெஷினில் யார் வேலை பார்க்கிறார்களோ அவர்தான் அந்த மெஷினைத் துடைத்து, சந்தனம் குங்குமம் வைக்க வேண்டும். அடுத்தவர் கை வைத்தால் வருடம் பூராவும் நூல் அறுந்துகொண்டே இருக்கும் என்பார்கள். தையல் லைனில் ஜாஸ்மின் அக்கா தன் மெஷினுக்கு ஊசி போகும் சந்துவரை துடைத்துப் பொட்டு வைத்துக்கொண்டிருந்தாள். ஆறு வருடம் அதே மெஷின்.

"இன்னாக்கா, நீ சர்ச்சுக்குப் போறவ. பொட்டு வெக்கிற?"

"நான் போறேன்டீ. மெஷின் போவலியே" என்றாள். கதம்பத்தைச் சக்கரத்தில் சுற்றி, தள்ளி நின்று பார்த்தாள். "எப்படி கீது? டிவில தெரியுமா?"

"மெஷின் தெரியும்க்கா."

"நான்?"

நான் கேமரா வயரைச் சரிசெய்யப் போனேன்.

பத்தே முக்கால் மணிக்கு அறிவிப்பு வந்தது. சாம்பல் சட்டைகள் அனைவரும் ரேக்குகளுக்குப் பின்னால் குத்துக்காலிட்டு உட்கார வேண்டும். தலை ரேக்கின் இரண்டாவது தட்டுக்குக் கீழே இருக்க வேண்டும். தும்மல் வந்தால் அடக்கிக்கொள்ள வேண்டும். ஒத்துழைக்கும் குடும்ப உறுப்பினர்களுக்கு நன்றி. ஆயிரத்துச் சொச்சம் பேர் உட்கார்ந்தார்கள். ஷெட்டில் அதற்கப்புறம் யாரும் இல்லாததுபோல் இருந்தது.

பதினொன்றுக்கு நேரலை தொடங்கியது. கன்ட்ரோல் ரூம் என்பது பழைய யூனிபார்ம் ஸ்டோர். என் முதுகுக்குப் பின்னால் சங்கரநாராயணன் நின்றார். ஒரு மானிட்டரில் சேர்மன், கோட்டு சூட்டில், பக்கத்தில் மொழிபெயர்க்கும் பெண். எல்லாம் சரியாகப் போனது. பூசணி பைக்குள் உடைந்தது, வெளியே ஒன்றும் தெரியவில்லை, எல்லோரும் கைதட்டினார்கள். ரோபோ ஆடியது. நீலச்சட்டைகள் ஓடினார்கள். சேர்மன் தலையை ஆட்ட ஆட்ட, சங்கரநாராயணன் என் நாற்காலி முதுகைத் தட்டிக்கொடுத்தார்.

மூன்றாவது லைனுக்கு ஓடும்போது ஜீவானந்தம் அண்ணா நொண்டினார். நான்காவதுக்கு, அதாவது தையல் லைனுக்கு, வந்து சேர்ந்தபோது அவருக்கு முகம் வெளுத்திருந்தது. நிரலின்படி அவர்தான் அங்கே மெஷினுக்குக் குங்குமம் வைத்து, கற்பூரம் காட்ட வேண்டும். ஜாஸ்மின் அக்காவின் மெஷின். நான் கார்முகிலின் கேமராவை எடுத்தேன். ஜீவானந்தம் அண்ணா குங்குமத்தில் விரலைத் தொட்டார். மெஷினைப் பார்த்தார். பிறகு ரேக்குக்குக் கீழே பார்த்தார். விரல் அப்படியே நின்றது.

"என்னய்யா பண்றான்? வெக்கச் சொல்லு!" என்றார் சங்கரநாராயணன்.

கார்முகில் மூலம் சொல்லி அனுப்பினேன். ஜீவானந்தம் அண்ணா சொன்ன பதில் மைக்கில் சன்னமாகக் கேட்டது: "இது ஜாஸ்மின் மெஷினுப்பா. அந்தப் பொண்ணு இங்கதான் குந்திகினு கீது. நான் எப்படி வெப்பேன்?"

சொல்லிவிட்டு நிமிரப் போனவருக்கு முழங்கால் மடங்கியது. தட்டோடு தரையில் உட்கார்ந்துவிட்டார். நான் ரோபோவுக்குப் போனேன். ரோபோ ஆடியது.

"முப்பத்தேழு போதும். ஆள எண்ணவா போறாங்க?" என்றார் சங்கரநாராயணன். "கன்டினியூ."

அந்த நேரம் பார்த்து சேர்மன் பேசினார். மொழிபெயர்த்த பெண் குழைவாகச் சொன்னாள்: சேர்மனுக்கு மிக மகிழ்ச்சி. ஐந்து லைனிலும் ஒரே உற்சாகம். நிரலில் இல்லாவிட்டாலும் அவருக்கு ஓர் ஆசை. தன் குடும்பம் முழுவதையும் ஒரே படத்தில், ஒரே ஒரு முறை பார்க்க வேண்டும்.

சங்கரநாராயணன் என் காதருகே குனிந்தார். வேர்வை என் தோளில் விழுந்தது. "கோளாறு கார்டு போடு. நெட்வொர்க் போச்சுன்னு சொல்லிக்கலாம். போடும்மா. உன் லெட்டர் டைப் பண்ணி ரெடியா இருக்கு. போடு."

கார்டு தயாராகத்தான் இருந்தது. 'தொழில்நுட்பக் கோளாறு, பொறுத்தருளவும்' என்று மஞ்சள் எழுத்தில். நானே வடிவமைத்தது. அதன் பொத்தான்மேல் என் விரல் இருந்தது. திங்கட்கிழமை இருந்தது. டைப் அடித்த லெட்டர் இருந்தது.

கார்முகிலின் கேமரா, நேரலையில் போகாத அந்தப் பெட்டியில், இன்னும் தையல் லைனைத்தான் காட்டிக்கொண்டிருந்தது. ரேக்குக்கு அடியிலிருந்து சாம்பல் சட்டைக் கை ஒன்று நீண்டு தண்ணீர் பாட்டிலைத் தரையில் தள்ளியது. ஜாஸ்மின் அக்காவின் கை. தலை இரண்டாவது தட்டுக்குக் கீழேதான் இருந்தது. பாட்டில் உருண்டு ஜீவானந்தம் அண்ணாவின் காலடிக்குப் போனது. விதியை மீறாமல் ஒருவருக்குத் தண்ணீர் கொடுக்க அவள் எவ்வளவு பாடுபடுகிறாள் என்று பார்த்தேன். எனக்கு எரிந்தது. அதற்கு மேல் விளக்கம் இல்லை.

"கேமரா நாலு" என்றேன். அமுக்கினேன்.

நான்காவது கேமரா கூரையில் இருப்பது. ஆள் கிடையாது. முழு ஷெட்டும் தெரியும். இரண்டரை வருடத்தில் அந்தப் பொத்தானை யாரும் தொட்டதில்லை.

மேலிருந்து பார்த்தால் ரேக்குகள் எதையும் மறைக்கவில்லை. நடுச்சந்தில் முப்பத்தேழு நீலச்சட்டைகள் குனிந்தபடி ஐந்தாவது லைனுக்கு ஓடிக்கொண்டிருந்தார்கள், ஒருவர் கையில் ஜீவானந்தம் அண்ணாவின் கற்பூரத் தட்டோடு. இரண்டு பக்கமும் ஷெட் கொள்ளாமல் ஆயிரத்துச் சொச்சம் சாம்பல் சட்டைகள், தலையை முழங்காலில் புதைத்துக்கொண்டு. ஓர் ஓரத்தில் ஒருவர் தீயணைப்பானோடு நாற்காலியில் அமர்ந்து காலித் தட்டைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

ஷெட்டில் இருந்த திரைகளிலும் அதேதான் ஓடியது. முதலில் யாரோ ஒரு பெண் நிமிர்ந்து, "ஏய், நம்மளக் காட்டுறாங்கடீ!" என்றாள். பத்துத் தலை நிமிர்ந்தது. பிறகு நூறு. கால் மரத்துப்போனவர்கள் ஒருவரையொருவர் பிடித்துக்கொண்டு எழுந்தார்கள். கூரையைப் பார்த்துக் கையாட்டினார்கள். ஜாஸ்மின் அக்கா கையாட்டவில்லை. நேராகப் போய், கீழே கொட்டிய குங்குமத்தை விரலில் தொட்டுத் தன் மெஷினுக்கு வைத்தாள். கூரையிலிருந்து அது ஒரு புள்ளி. யார் என்று எனக்குத் தெரிந்தது.

அப்புறம் கைதட்டல். 11.42 மணி. நிரலில் இல்லை.

"கட் பண்ணு! கட் பண்ணு!" என்று சங்கரநாராயணன் சுவரில் இருந்த ஒரு பிளக்கைப் பிடுங்கினார். ஏசி நின்றது. அடுத்ததைப் பிடுங்கினார். அது அவருடைய செல்போன் சார்ஜர். சரியான பிளக் கிடைப்பதற்குள் நாற்பத்தொரு நொடி ஓடிவிட்டது.

சேர்மனிடமிருந்து மறுநாள் மின்னஞ்சல் வந்ததாம். அற்புதம் என்று எழுதியிருந்தாராம். விருந்தினர்களையும் சாம்பல் சட்டையில் பெருந்திரளாக அழைத்திருந்தது தன்னை நெகிழவைத்ததாம்.

அந்த மின்னஞ்சல் வருவதற்குள் என் கணக்கு முடிந்திருந்தது. அன்று மாலையே கேட்டில் என்னை நிறுத்தி ஒரு கவர் கொடுத்தார்கள். கோபத்தில் டைப் அடித்தது. கம்பெனி லெட்டர்பேடு, கம்பெனி முத்திரை, பச்சை மையில் சங்கரநாராயணனின் கையெழுத்து.

'தாங்கள் எமது நிறுவனத்தின் "ஒரே குடும்பம் லைவ்" நேரலையின் இயக்குநராக இரண்டரை ஆண்டுகள் பொறுப்பு வகித்துவரும் நிலையில், முற்பகல் 11.42 மணிக்கு, நிர்வாகத்தின் உத்தரவை மீறித் தன்னிச்சையாக நான்காவது கேமராவுக்கு மாறி, நிறுவனத்தில் பணிபுரியும் அனைவரையும் நாற்பத்தொரு வினாடிகள் திரையில் காட்டியுள்ளீர்கள். இக்கடுங்குற்றத்துக்காகத் தாங்கள் உடனடியாகப் பணியிலிருந்து நீக்கப்படுகிறீர்கள்.'

ஷேர் ஆட்டோவில் சிங்கப்பெருமாள் கோவில் ஸ்டேஷன் வரும்வரை அழுதுகொண்டே வந்தேன். ஸ்டேஷனில் மறுபடி படித்தேன். இயக்குநர். இரண்டரை ஆண்டுகள். முத்திரை. அழுகை நின்றது. எதிரே இருந்த ஜெராக்ஸ் கடையில் போய் அதை லேமினேட் செய்தேன்.

சனிக்கிழமை போன் செய்து என்னை அதே ஸ்டேஷன் வாசலுக்கு வரச் சொல்லிவிட்டு, சங்கரநாராயணன் காரில் வந்து இறங்கினார். கம்பெனி கேட்டுக்கு வெளியே அவரை அன்றுதான் பார்த்தேன்.

"நம்ம வக்கீல் என்னைக் கிழிச்சுட்டார்மா. ஏஜென்சி ஆளுக்கு நாங்க மெமோ குடுக்கவே கூடாதாம். குடுத்தா நீ எங்க ஆளுன்னு ஆயிடுமாம். அதத் திருப்பிக் குடுத்துடு." கையில் வேறொரு கவர். "இதுல உனக்கு நல்ல சர்டிபிகேட் போட்டிருக்கேன். தோட்டப் பராமரிப்பு, ரெண்டரை வருசம். அரளியப் பத்தித் தனியா ஒரு பாரா."

"எனக்கு இது போதும் சார்."

"அது உன்ன டிஸ்மிஸ் பண்ண லெட்டர்மா!"

"தெரியும் சார். படிச்சிருக்கேன். பட்டதாரி."

திங்கட்கிழமை சேனலில் நேர்முகம் எடுத்தவர் தலைமை இயக்குநர் ஷெர்லின் மேடம். அனுபவச் சான்றிதழ் என்றார். மெமோவை நீட்டினேன். படித்தார். கண்ணாடியைக் கழற்றிவிட்டு மறுபடி படித்தார். "நாற்பத்தொரு நொடி நீயாவே ஹோல்டு பண்ணியா?"

"ஆமா மேடம்."

"பின்னாடி கத்தியிருப்பாங்களே?"

"கத்தினாங்க."

"நாளைக்கே வா" என்றார். நான் இதுவரை கேட்டதில் மிக நல்ல இரண்டு சொற்கள்.

கீழ்த்தளத்தில் பணியாளர் பிரிவு. அங்கிருந்த இளைஞர் மிகவும் மரியாதையானவர். உட்காரச் சொன்னார், தண்ணீர் கொடுத்தார், மெமோவைப் பார்த்து, "சூப்பர் மேடம்" என்றார். "நாங்களும் நேரா எடுக்கறதில்ல மேடம். ஏஜென்சி மூலமாத்தான். ஃபார்மாலிட்டி" என்று ஒரு படிவத்தைத் திருப்பி வைத்தார். மேலே அதே ஏஜென்சியின் பெயர். கீழே அதே நான்கு கட்டங்கள், கடைசியில் தோட்டம்.

"டைரக்டர்னு சிஸ்டத்துல இல்ல மேடம். இந்த நாலுல ஏதாவது ஒண்ணு. ஆனா அந்தப் பிரிவுல ரெண்டு வருச எக்ஸ்பீரியன்ஸ் சர்டிபிகேட் இருந்தாத்தான் சிஸ்டம் எடுத்துக்கும். ஏதாச்சும் வெச்சிருக்கீங்களா? இன்னைக்கு சாயங்காலத்துக்குள்ள குடுத்துட்டா நாளைக்கே ஜாயின் பண்ணிடலாம்."

சுற்றிப் பார்த்தேன். அந்தக் கட்டிடத்தில் ஒரு தொட்டிச் செடிகூட இல்லை.

வெளியே வந்து வெயிலில் நின்றேன். பத்து நிமிடமோ, அரை மணி நேரமோ. பிறகு போனை எடுத்தேன். முதல் மணியிலேயே எடுத்தார் சங்கரநாராயணன்.

"சார், அந்த அரளி லெட்டர் இன்னும் இருக்கா?"

"இருக்கும்மா, இருக்கு! கார்லயே வெச்சிருக்கேன். நீ மெமோ ஒரிஜினலக் கொண்டா. கைக்குக் கை."

"லேமினேட் பண்ணிட்டேன் சார்."

"அதனால என்னம்மா" என்றார், பொண்ணைப் பெத்தவரின் குரலில். "உரிச்சுக்கலாம்."